அரசாங்க வேலை கேட்கும் பிள்ளைகளே, எந்த வேலை?

ஆசிரியர் அவர்களுக்கு,

கிழக்கிலே பட்டம் முடித்த பிள்ளைகளைப் பற்றி உங்கள் பத்திரிகையில் அடிக்கடி செய்திகள் வருகின்றன. வேலை கேட்டுப் போராட்டம், அமைச்சரின் வாக்குறுதி, நியமனக் கடிதம் வழங்கும் வைபவத்தின் படம் என்று மாறி மாறி வாசிக்கிறோம். அந்தப் பிள்ளைகள் எந்த வேலையைச் செய்ய விரும்புகிறார்கள் என்று யாரும் கேட்டதாக மட்டும் நான் வாசிக்கவில்லை. அதைக் கேட்பதற்காகவே இந்தக் கடிதம்.

நான் ஓய்வுபெற்ற கிராம உத்தியோகத்தர். சேவையில் இருக்கும்வரை பத்திரிகைக்கு எழுதுவதென்றால் தாபன விதிக்கோவையின்படி அனுமதி வாங்கவேண்டும். அதனால் சொல்ல நினைத்த பலவற்றை உள்ளேயே வைத்திருந்தேன். வந்தாறுமூலைக் கிழக்குப் பல்கலைக்கழகத்தில் வணிகம் படித்துப் பட்டம் பெற்றவள் நான். மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே படுவான்கரையில், போரதீவுப்பற்றுப் பக்கத்துக் கிராமங்களில் என் சேவைக்காலத்தின் பெரும்பகுதி கழிந்தது. குருமண்வெளித் துறையில் பாதை என்னும் மிதவைப் படகில் ஏறி மண்டூரில் இறங்கி, அங்கிருந்து சைக்கிளில் போன காலமும் உண்டு. பிற்காலத்தில் ஸ்கூட்டர் வந்தது.

ஓய்வுபெற்று வீட்டில் இருந்தாலும் வாசலுக்கு ஆட்கள் வருவது நிற்கவில்லை. பல்கலைக்கழகப் பெறுபேறு வெளியாகும் காலத்தில் பெற்றோர் வருகிறார்கள். "அக்கா, பிள்ளை பட்டம் எடுத்துவிட்டாள். ஏதாவது ஒரு அரசாங்க வேலைக்கு வழி சொல்லுங்கள்." பிள்ளை பின்னால் நிற்கும். "மகள், உனக்கு என்ன வேலை செய்ய விருப்பம்?" என்று நான் பிள்ளையைக் கேட்டால், தகப்பன்தான் பதில் சொல்வார்: "எதுவென்றாலும் பரவாயில்லை." பிள்ளை தலையாட்டும்.

எதுவென்றாலும் பரவாயில்லை என்று வருகிறவர் வந்து அமரும் கதிரைக்கு முன்னால்தான் எங்கள் சனங்கள் வெயிலில் நடந்து வந்து நிற்கிறார்கள். இதை நான் கோபத்தோடு சொல்கிறேன் என்று நினைத்தால் அது சரிதான்.

அரசாங்க சேவை என்பது ஒரே ஒரு வேலை அல்ல. கமநல சேவைகள் நிலையத்தில் இருக்கும் உத்தியோகத்தருக்கு எந்த வயல்வட்டையில் எப்போது விதைப்பு, எந்த வாய்க்காலில் தண்ணீர் நிற்கிறது என்று தெரிந்திருக்கவேண்டும். வயலுக்குத் தண்ணீர் விடுவதைப் பார்க்கும் வட்டவிதானைமாரோடு பேசத் தெரியவேண்டும். பிரதேச செயலகக் கணக்குப் பிரிவில் இருப்பவர் நிதிப் பிரமாணத்தைக் கரைத்துக் குடித்திருக்கவேண்டும். அவர் நாள் முழுவதும் வவுச்சர்களோடு இருக்கலாம். சனங்களின் முகம் பார்க்கவே தேவையில்லாமலும் போகலாம். சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தர் பாடசாலையை விட்டு இடைவிலகிய பிள்ளையின் வீட்டுக்குப் போய்க் குடித்துவிட்டிருக்கும் தகப்பனோடு பேசவேண்டும். நில அளவையாளர் காட்டோரத்தில் காணி அளக்கிறார். இவர்கள் எல்லோருக்கும் சம்பளம் தருவது ஒரே திறைசேரி. இதைத் தவிர இவர்களின் நாளாந்த வேலைகளுக்குள் ஒற்றுமை அதிகம் இல்லை. கூச்ச சுபாவமுள்ள, எண்களில் கெட்டிக்காரியான பிள்ளையை வெளிக்களத்துக்கு அனுப்பினால் அவளுக்கும் கஷ்டம், ஊருக்கும் கஷ்டம். நாலு பேரோடு பேசாவிட்டால் மூச்சு முட்டும் பையனைக் கோப்பறைக்குள் பூட்டினாலும் அப்படித்தான்.

பிள்ளைகள்மீது மட்டும் பழி போட நான் வரவில்லை. 2017ஆம் ஆண்டு மட்டக்களப்பு காந்திப் பூங்காவில் வேலையற்ற பட்டதாரிகள் மாதக்கணக்கில் சத்தியாக்கிரகம் இருந்தார்கள். அவர்களில் சிலர் நான் கடமை பார்த்த கிராமங்களின் பிள்ளைகள். மீன்பிடிக்கும் தகப்பனும் கச்சான் விற்கும் தாயும் படிப்பித்த பிள்ளைகள். குடும்பத்தில் முதல் பட்டம் எடுத்துவிட்டு, முப்பது வயதில் வீட்டில் சாப்பாட்டுக்குக் கைநீட்டி நிற்பது என்ன வேதனை என்று எனக்குத் தெரியும். அரசாங்கம் என்ன செய்தது? 2020இல் நாடு முழுவதும் ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களைப் பட்டதாரிப் பயிலுநர்களாக எடுத்தது. மாதம் 20 ஆயிரம் ரூபா கொடுப்பனவு. பிரதேச செயலகங்களுக்கும் பாடசாலைகளுக்கும் பிரித்து அனுப்பினார்கள். என்ன வேலைக்கு ஆள் தேவை என்று கணக்கிட்டு எடுத்ததாகத் தெரியவில்லை. எத்தனை பேர் வேலையில்லாமல் இருக்கிறார்கள் என்று பார்த்து எடுத்தார்கள். பிரதேச செயலகத்துக்குக் கூட்டத்துக்குப் போகும்போது நான் கண்ணால் கண்டது இது: சில பிள்ளைகளுக்கு உட்காரக் கதிரை இல்லை. விறாந்தையில் நின்றுவிட்டு, கையொப்பம் இட்டுவிட்டுப் போனார்கள். அவர்களில் சிலர் பிறகு மிக நல்ல உத்தியோகத்தர்களாக வந்தார்கள் என்பதையும் சொல்லவேண்டும். தங்களுக்கென்று ஒரு வேலையைத் தேடி எடுத்துக்கொண்டவர்கள் அவர்கள். மற்றவர்கள் இன்னும் இடமாற்றத்துக்கு விண்ணப்பம் எழுதிக்கொண்டிருக்கிறார்கள்.

கிராம உத்தியோகத்தர் வேலையைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல அனுமதியுங்கள். எனக்கு உள்ளும் புறமும் தெரிந்த வேலை அதுதான். பட்டதாரிகள் மிகவும் குறைவாக மதிக்கும் வேலையும் அதுதான். "உயர்தரச் சித்தியோடு போகக்கூடிய வேலைக்கு என் பிள்ளை ஏன் போகவேண்டும்?" என்று என் முகத்துக்கு நேரே கேட்ட பெற்றோர் இருக்கிறார்கள்.

1963இல் கிராமத் தலைமைக்காரர் முறையை ஒழித்துத்தான் இந்தப் பதவியை உண்டாக்கினார்கள். அதே ஆண்டில்தான் பழைய சிவில் சேவை போய் நிருவாக சேவை வந்தது. படுவான்கரையில் வயதானவர்கள் பெண்ணாகிய என்னையும் அந்தத் தலைமைக்காரரின் பழைய பெயரால் விதானையார் என்றே கூப்பிட்டார்கள். இன்று நாட்டில் 14 ஆயிரத்துக்கும் மேற்பட்ட கிராம உத்தியோகத்தர் பிரிவுகள் இருக்கின்றன. அரசாங்கம் என்ற ஒன்றைப் பெரும்பாலான கிராமத்தவர் நேருக்கு நேர் காண்பது அந்த ஒருவரின் முகத்தில்தான். அமைச்சைக் கண்டவர் யார்?

2011 ஜனவரி வெள்ளத்தை மட்டக்களப்பில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். மழை விடவில்லை. குளங்கள் நிரம்பி வழிந்தன. வெட்டக் காத்திருந்த வேளாண்மை முழுவதும் தண்ணீருக்குள். சனங்கள் பாடசாலையில் இருந்தார்கள். உலர் உணவு கொடுக்கக் குடும்பப் பட்டியல் வேண்டும், அதுவும் மாலைக்குள் வேண்டும் என்று தகவல் வந்தது.

குடும்பப் பட்டியல் என்றால் வெளியே இருப்பவர்களுக்கு இலேசான வேலையாகத் தெரியும். எங்கள் பக்கத்தில் மகளுக்குக் கல்யாணம் முடிந்தால் மருமகன் அந்த வீட்டுக்குத்தான் வருகிறான். தாயும் தகப்பனும் அதே வளவில் ஒரு பக்கத்துக்கு ஒதுங்கிக்கொள்கிறார்கள். இது ஒரு குடும்பமா, இரண்டு குடும்பமா? இரண்டு என்று எழுதினால் இரண்டு பொதி கிடைக்கும். ஒன்று என்று எழுதினால் கிழவனும் கிழவியும் மகளின் கையைப் பார்த்திருக்கவேண்டும். சுற்றறிக்கையில் இதற்கு விடை இல்லை. நான் பார்த்தது அடுப்பை. தாய் தனியாக உலை வைக்கிறாளா? வைத்தால் இரண்டு குடும்பம். ஆனால் வெள்ளத்தன்று அடுப்பு எங்கே இருக்கிறது? தண்ணீருக்குள் இருக்கிறது. ஆகவே அந்த அடுப்பை வெள்ளத்துக்கு முதலே பார்த்திருக்கவேண்டும். வாக்காளர் இடாப்புத் திருத்தத்துக்குப் போகும்போதும், செத்த வீட்டுக்குப் போகும்போதும், குசினிப் பக்கம் போய்த் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு வந்திருக்கவேண்டும். பட்டியலை எழுதி முடித்ததும் பாடசாலை மண்டபத்தில் கதிரைமீது ஏறி நின்று எல்லாப் பெயரையும் உரத்து வாசித்தேன். ஒரு பெயர் கூடினாலும் குறைந்தாலும் அங்கேயே குரல் வந்தது. ஒருவர் கூச்சலிட்டார், மற்றவர் பதில் சொன்னார். இருட்டும்போது எல்லோர் முன்னிலையிலும் திருத்திய பட்டியல் கையில் இருந்தது. பிறகு அந்தப் பட்டியலைப் பற்றி ஒரு முறைப்பாடும் பிரதேச செயலாளருக்குப் போகவில்லை.

நான் படித்த வணிகப் பட்டம் அன்று உதவியதா என்று கேட்பீர்கள். உதவியது. கணக்கை எல்லோரும் பார்க்கத் திறந்து வை என்று எனக்கு வகுப்பில் படிப்பித்ததை அங்கே செய்தேன். உயர்தரம் படித்தவரும் செய்யலாம். பட்டதாரி செய்யக்கூடாது என்று யார் சொன்னது?

வீட்டில் மரணம் நடந்தால் பதிவாளரிடம் போவதற்கு முன் கிராம உத்தியோகத்தரின் அறிக்கை வேண்டும். விடியற்காலையில் கதவைத் தட்டுவார்கள். அழுதுகொண்டு வந்தவரிடம் இறந்தவரின் அடையாள அட்டை இலக்கத்தைக் கேட்கவேண்டும். எப்படிக் கேட்பது என்று எந்தப் பயிற்சியிலும் சொல்லித் தருவதில்லை. முதியோர் கொடுப்பனவுக்கு வயதை உறுதிப்படுத்தப் பிறப்புச் சான்றிதழ் இல்லாத கிழவி வருவாள். இடம்பெயர்வில் பெட்டியே போய்விட்டது, அல்லது பதிவே நடக்கவில்லை. "ஐம்பத்தேழாம் ஆண்டு வெள்ளத்தில் நான் பத்து வயதுப் பிள்ளை, மகள்" என்பாள். 1957 வெள்ளமும் 1978 நவம்பர் 23 சூறாவளியும்தான் எங்கள் மூத்தவர்களின் நாட்காட்டி. அந்த ஒரு வாசகத்திலிருந்து தொடங்கி, அவளுடைய மூத்த பிள்ளையின் பிறப்புச் சான்றிதழ், பாடசாலை வரவு இடாப்பு, கோயில் கணக்கு என்று ஒவ்வொன்றாகத் தேடி, உத்தேச வயதுச் சான்றிதழ் வரைக்கும் கொண்டுபோவது மாதக்கணக்கான வேலை. கொடுப்பனவு கையில் கிடைத்த அன்று அவள் எனக்கு ஒரு பனங்கிழங்குக் கட்டு கொண்டுவந்தாள். வாங்கக்கூடாது என்று சொல்லிப் பார்த்தேன். பிறகு அலுவலகத்துக்கு வந்திருந்த எல்லோருக்கும் அவளே பிரித்துக் கொடுத்துவிட்டுப் போனாள்.

பெண்பிள்ளைகளைப் பெற்றவர்களின் பயம் எனக்குத் தெரியும். தூரம், யானை, இரவு, ஊர்ப்பேச்சு. யானைப் பயம் உண்மையானது; வேளாண்மைக் காலத்தில் போரதீவுப்பற்றில் மாலைக்குப் பிறகு வீதியில் போக ஆண்களே யோசிப்பார்கள். நான் பிரிவிலேயே ஒரு வீட்டின் முன்னறையில் தங்கினேன், விறாந்தையில் அலுவலகம் வைத்தேன். யுத்த காலத்தில் பாதையடியில் சோதனை, திடீரென்று அடைப்பு, எல்லாம் இருந்தது. அவற்றுக்கு நடுவிலும் விதவைகளின் படிவங்கள் கச்சேரிக்கு, அதாவது மாவட்டச் செயலகத்துக்கு, போய்ச் சேரவேண்டியிருந்தது. என்னைப் பாதுகாத்தது அந்த ஊர்தான். இரவில் ஒரு முறைப்பாட்டுக்குப் போகவேண்டி வந்தால் வீட்டுக்காரப் பெரியம்மாவும் டோர்ச் லைட்டோடு கூடவே வந்துவிடுவார். இன்று வீதி இருக்கிறது, தொலைபேசி இருக்கிறது, பட்டிருப்புப் பாலத்தால் பஸ் போகிறது, 2014இல் திறந்த மண்முனைப் பாலத்தால் கொக்கட்டிச்சோலைப் பக்கத்துக்கு நேரே போகலாம். இருந்தும் படுவான்கரைக்கு நியமனம் கிடைத்தால் முதல் கிழமையிலேயே அரசியல்வாதியின் வீட்டு வாசலில் இடமாற்றக் கடிதத்தோடு நிற்கும் பட்டதாரிகளைக் கண்டு வருந்தியிருக்கிறேன். அங்கே வாழும் பிள்ளைகளும் மனிதர்கள்தானே.

இனி, என் அயலில் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். இந்தக் கடிதத்தை எழுதத் தூண்டியதும் அதுதான்.

அயல்வீட்டுப் பிள்ளை கலைப்பட்டம் முடித்தவள். தகப்பன் மேசன். பிள்ளைக்கு ஒரு நிதி நிறுவனத்தில் வேலை கிடைத்திருந்தது. அதைவிட்டு அரசாங்க நியமனத்துக்குக் காத்திருக்கலாமா என்று என்னிடம் வந்தார்கள். நான் அவளிடம் ஒன்றைச் சொன்னேன்: "முடிவெடுக்க முதல், அரசாங்கத்தோடு அலுவல் இருக்கும் ஒருவரோடு சேர்ந்து, அந்த அலுவல் எங்கே தொடங்கி எங்கே நிற்கிறது என்று கூடவே நடந்து பார்." அவளுடைய மாமிக்கு ஒரு காணி அலுவல் இருந்தது. கணவருக்குக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் கிடைத்த அனுமதிப்பத்திரம். கணவர் இறந்துவிட்டார், பின்னுரித்தாளர் யாரையும் பெயர் குறிப்பிடவில்லை. மாமிக்கு இரண்டு பெண்கள், ஒரு பையன். 1935ஆம் ஆண்டின் அந்தச் சட்டத்தில் இப்படிப்பட்ட நிலையில் ஆண்பிள்ளைக்கு, அதிலும் மூத்தவனுக்கு, முன்னுரிமை இருந்தது. வீடும் வளவும் பெண்பிள்ளைக்கு என்று பரம்பரையாக வாழும் மட்டக்களப்பில் அது எத்தனை வீடுகளில் சண்டை மூட்டியது என்பதை என்னைப்போன்றவர்கள் அறிவோம். 2022இல் சட்டத்தைத் திருத்தி அந்தப் பாகுபாட்டை நீக்கிவிட்டார்கள். மாமிக்கு அது தெரியாது. தன் மகளுக்குக் காணி போகாது என்று யாரோ சொன்னதை நம்பி வீட்டில் இருந்தார்.

பிள்ளை மாமியின் கடதாசிகளைப் பார்க்கவேண்டும் என்று கேட்டிருக்கிறாள். மாமி ஒரு பொலித்தீன் பையை எடுத்து வந்தார். வங்கிப் புத்தகம், கிளினிக் கொப்பி, கணவரின் அடையாள அட்டைப் பிரதி, அவற்றுக்கு நடுவில் நாலாக மடித்த ஒரு பழுப்பு உறை. உறைக்குள் ஒரு திணைக்களத்திலிருந்து வந்த கடிதம், முழுவதும் சிங்களத்தில். மடிப்பு ஓரங்கள் கிழியத் தொடங்கியிருந்தன. ஒரு வருடத்துக்கும் மேலாக அது அந்தப் பைக்குள் இருந்திருக்கிறது. "காணியைப் பறிக்கப்போகிறோம் என்று எழுதியிருக்கும் என்று பயந்து யாரிடமும் காட்டவில்லை, மகள்" என்று மாமி சொன்னாராம். பிள்ளை அதை என்னிடம் கொண்டுவந்தாள். சேவையில் இருந்த காலத்தில் நான் தட்டுத்தடுமாறிப் படித்த சிங்களம் போதுமாக இருந்தது. கணவரின் மரணச் சான்றிதழில் உறுதிப்படுத்திய பிரதி ஒன்றை அனுப்பும்படி கேட்டிருந்தார்கள். வேறு ஒன்றும் இல்லை.

அந்தப் பிள்ளை கடிதத்தை மேசையில் வைத்துவிட்டு நெடுநேரம் பேசவில்லை. பிறகு கேட்டாள்: "மாமிக்கு இதைத் தமிழில் அனுப்பவேண்டும் என்று சட்டம் இல்லையா, அன்ரி?"

இருக்கிறது. 1987இல் 13ஆவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. அடுத்த ஆண்டு வந்த 16ஆவது திருத்தம் வடக்கிலும் கிழக்கிலும் தமிழை நிருவாக மொழியாக்கியது. தமிழில் கடிதம் பெற மாமிக்கு உரிமை உண்டு. மீறினால் முறையிட 1991ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அரசகரும மொழிகள் ஆணைக்குழு இருக்கிறது. எல்லாம் இருந்தும், அந்தக் கடிதத்தைத் தமிழில் எழுத அந்த மேசையில் ஆள் இல்லை. ஆள் இல்லாத இடத்தில் சட்டம் என்ன செய்யும்?

மாமியின் அலுவலுக்காக அவள் கிராம உத்தியோகத்தரிடம் போனாள், குடியேற்ற உத்தியோகத்தரிடம் போனாள், பிரதேச செயலகக் காணிப் பிரிவில் காத்திருந்தாள். அங்கே யார் என்ன செய்கிறார்கள், யார் நன்றாகச் செய்கிறார்கள், எங்கே கோப்பு நிற்கிறது என்று பார்த்தாள். திரும்பி வந்து என்னிடம் சொன்னது இது: கிராம உத்தியோகத்தர் வேலை தனக்கு ஒத்துவராது, சண்டையை எதிர்கொள்ள தனக்கு மனத்திடம் இல்லை. ஆனால் அரசாங்க மொழிபெயர்ப்பாளர் சேவைக்குப் போக விருப்பம். அதற்காகச் சிங்களம் படிக்கப்போகிறாள். நிதி நிறுவன வேலையையும் ஏற்றுக்கொண்டாள். வகுப்புக் காசுக்கு அது உதவும். தகப்பனுக்கு இன்னும் மனம் சமாதானமாகவில்லை. "மொழிபெயர்ப்பாளர் என்றால் என்ன வேலை, அதற்கு ஊரில் மரியாதை இருக்குமா?" என்று கேட்கிறார். அவருக்கு நான் மாமியின் கடிதத்தைக் காட்டினேன்.

அவளுக்கு அந்த நியமனம் கிடைக்குமா என்று எனக்குச் சொல்ல முடியாது. ஆனால் எதற்காகப் படிக்கிறாள் என்று அவளுக்குத் தெரியும். வெற்றிடம் எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டு சும்மா இருக்கவில்லை.

சம்பளத்தைப் பற்றிப் பேசாமல் இருப்பது நியாயமல்ல. 2022 நெருக்கடியில் அரசாங்க உத்தியோகத்தர் வீட்டிலும் பால்மா இல்லை. 2025 வரவு செலவுத் திட்டத்தில் ஆகக்குறைந்த அடிப்படைச் சம்பளத்தை 24,250 ரூபாவிலிருந்து 40,000 ரூபாவாக உயர்த்தி, கட்டம் கட்டமாகக் கொடுப்பதாக அறிவித்தார்கள். அது நல்லதுதான். ஆனாலும் கட்டாரில் உழைக்கும் ஒன்றுவிட்ட அண்ணன் அனுப்பும் காசோடு இதை ஒப்பிட்டால் மனம் கசக்கும். குடும்பத்தின் கடனை அடைக்கவேண்டிய பிள்ளை வெளிநாடு போகட்டும், தனியார் துறைக்குப் போகட்டும், சொந்தத் தொழில் தொடங்கட்டும். அதில் ஒரு தாழ்வும் இல்லை. காசுக்காக மட்டும் அரசாங்க சேவைக்கு வந்து, காசு காணாமல், சனங்களின்மீது எரிந்து விழுகிறவர்களைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. ஒரு கையொப்பத்துக்காகக் கிழவனை மூன்று தரம் அலைக்கழிப்பது அவர்கள்தான். ஓய்வூதியம் இருக்கிறதே என்பார்கள். உண்மை, இன்று என் வீட்டு அடுப்பு அதனால்தான் எரிகிறது. ஆனால் இருபத்தைந்து வயதுப் பிள்ளை அறுபது வயதை நினைத்து ஒரு வேலையைத் தெரிவுசெய்தால், நடுவில் வரும் அத்தனை வருடங்களையும் யாருக்காக வாழ்வது?

முடிவு செய்தவர்களுக்கு வழி இருக்கிறது என்பதையும் சொல்கிறேன். வர்த்தமானி வெள்ளிக்கிழமைகளில் வெளியாகிறது. அதை வாசிக்கும் பட்டதாரிகள் மிகக் குறைவு. பலர் முகநூலில் யாரோ பகிர்ந்ததைப் பார்த்து, முடிவுத் திகதிக்குப் பிறகு ஓடுகிறார்கள். போட்டிப் பரீட்சைகளில் பெரும்பாலும் உளச்சார்பும் கிரகித்தலும் வருகின்றன. நாள்தோறும் ஒரு ஆசிரியர் தலையங்கத்தை வாசித்து அதன் சாரத்தை நாலு வரியில் எழுதிப் பழகிய பிள்ளைக்குக் கிரகித்தல் வினாத்தாள் பயம் தராது. இலங்கை நிருவாக சேவைக்குத் திறந்த பரீட்சை மட்டுமல்ல, ஏற்கெனவே சேவையில் இருப்பவர்களுக்கான மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சையும் உண்டு. கிராமத்தில் மண்ணையும் மனிதரையும் படித்துவிட்டுப் பிரதேச செயலாளராக வந்து அமர்பவர், கொழும்பில் வகுப்புக்குப் போய் நேரே வந்தவருக்கு எந்த வகையிலும் குறைந்தவர் அல்லர். என் அனுபவத்தில் கோப்பில் ஒரு பெயரைப் பார்த்ததும் அந்த வளவு எங்கே என்று கேட்கத் தெரிந்தவர்கள் அவர்கள்தான். சிங்களம் படியுங்கள் என்றும் சொல்கிறேன். 2007ஆம் ஆண்டுச் சுற்றறிக்கைக்குப் பின் சேவையில் சேர்பவர்கள் இரண்டாம் அரசகரும மொழியில் தேர்ச்சி காட்டியே ஆகவேண்டும். நியமனம் கிடைத்த பிறகு பிள்ளைகுட்டியோடு உட்கார்ந்து படிப்பதைவிட, வந்தாறுமூலையிலும் ஒலுவிலிலும் பல்கலைக்கழகத்தில் இருக்கும்போதே படிப்பது எவ்வளவோ இலேசு. அம்பாறைப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இதன் தேவை இன்னும் கூட. திருக்கோவிலிலும் நாவிதன்வெளியிலும் இருக்கும் ஒருவரின் கோப்பு, பெரும்பாலும் சிங்களத்தில் அலுவல் நடக்கும் அம்பாறை நகரத்துக்குப் போய்த்தான் திரும்பவேண்டியிருக்கிறது.

கிழக்குப் பல்கலைக்கழகத்திடமும் தென்கிழக்குப் பல்கலைக்கழகத்திடமும் ஒரு வேண்டுகோள். இறுதி வருட மாணவர்களைச் சில வாரங்களுக்குக் கிராம மட்ட அலுவலகங்களுக்கு அனுப்புங்கள். குளிரூட்டிய மண்டபத்தில் பெரிய உத்தியோகத்தர் வந்து உரையாற்றும் தொழில் வழிகாட்டல் கருத்தரங்கோடு நின்றுவிடாதீர்கள். பொதுமக்கள் தினத்தில் பிரதேச செயலக வாசலில் ஒரு மேசை போட்டு, எழுத வாசிக்கத் தெரியாதவர்களுக்குப் படிவம் நிரப்பிக் கொடுக்கும் வேலையை அந்த மாணவர்களிடம் கொடுங்கள். மாலையில் அவர்களே வந்து சொல்வார்கள், தங்களுக்கு இது ஒத்துவருமா வராதா என்று. ஒத்துவராது என்று அன்றே கண்டுகொள்ளும் பிள்ளை பத்து வருடத்தை மிச்சப்படுத்திக்கொள்கிறது. மாவட்டச் செயலகங்கள் மனம் வைத்தால் இதற்குப் பெரிய செலவு இல்லை. ஒரு மேசையும் நாலு கதிரையும் போதும்.

உங்கள் பத்திரிகையிடமும் ஒன்று கேட்கிறேன். கிழமைக்கு ஒரு நாள், வர்த்தமானியில் வந்த ஆட்சேர்ப்பு அறிவித்தல்களை எளிய தமிழில், முடிவுத் திகதியோடு போடுங்கள். பதவியின் பெயரையும் தகைமையையும் மட்டும் போடாமல், அந்தப் பதவியில் இருப்பவர் காலையில் இருந்து மாலை வரை என்ன செய்கிறார் என்று ஒருவரையாவது கேட்டு நாலு வரி எழுதுங்கள். சேவையில் இருப்பவர்கள் அனுமதியில்லாமல் பேச முடியாது. ஓய்வுபெற்றவர்கள் ஒவ்வொரு ஊரிலும் இருக்கிறோம், கேட்டால் சொல்வோம்.

சனிக்கிழமை காலைகளில் களுவாஞ்சிகுடிப் பொது நூலகத்தில் பத்திரிகை வாசிக்க வருவேன். விண்ணப்பம் நிரப்புவதிலோ, வர்த்தமானி அறிவித்தலை விளங்கிக்கொள்வதிலோ உதவி வேண்டிய பிள்ளைகள் அங்கே என்னைச் சந்திக்கலாம். எந்த வேலை என்று இன்னும் முடிவு செய்யாதவர்கள் முதலில் வாருங்கள். தகப்பன்மாரும் கூட வரலாம், ஆனால் என் கேள்விக்குப் பிள்ளைதான் பதில் சொல்லவேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கிராம உத்தியோகத்தர்,
களுவாஞ்சிகுடி.